பரணா, மீனா?

ஒரு ஞாயிற்றுக்கிழமையாவது இந்த வீட்டில் நான் நினைத்தது நடக்க வேண்டும் என்று சபதம் எடுத்தேன். தூண்டிலைத் தோளில் போட்டுக்கொண்டு, நெஞ்சை நிமிர்த்தினேன்.

“ஏரிக்குக் கிளம்பிட்டேன்!”

“பரணைச் சுத்தம் பண்றேன்னீங்களே?” என்றாள் மனைவி.

“அடுத்த வாரம்.”

“மூணு மாசமா அதே அடுத்த வாரம்தான். சரி, பந்தயம். மீனோட வந்தா இனிமே ஞாயித்துக்கிழமை பூரா உங்களுது, நான் வாயே திறக்க மாட்டேன். வெறுங்கையோட வந்தா இன்னைக்கே பரண்.”

நான் சும்மா இருந்திருக்கலாம். என் வாய் இருக்கிறதே!

“வெறும் மீன் இல்லடி. நானே பிடிச்ச மீன்!”

ஏரியில் நாய் படாத பாடு பட்டேன். முதல் வீச்சில் முள் என் கால்சட்டையின் பின்பக்கத்தில் மாட்டியது. அடுத்த வீச்சில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த தபால்காரரின் தொப்பி தண்ணீருக்குள் போனது. அதை எடுக்கக் குனிந்தேன். நானும் போனேன். கரையேறினால் சட்டைக்குள் என்னமோ துள்ளுகிறது. மீன்! சந்தோஷத்தில் நானும் துள்ளினேன். அது என்னைவிட நன்றாகத் துள்ளி, ஏரிக்கே திரும்பிவிட்டது.

“சார், நீங்க மீன் பிடிக்க வந்தீங்களா, குளிக்க வந்தீங்களா?” என்றார் தபால்காரர், தொப்பியைப் பிழிந்தபடி.

திரும்பும் வழியில் இருப்பது ஒரே மீன் கடை.

“அக்கா, ஏரி மீன் ஒண்ணு. வெட்டாம முழுசா.”

“உங்களுக்குன்னே எடுத்து வெச்சிருக்கேன், தம்பி” என்றாள் கடைக்காரம்மா. எல்லாரிடமும் சொல்கிற வியாபாரப் பேச்சு என்று நினைத்துக்கொண்டேன். சந்தில் ஒதுங்கி, மீனின் வாயில் என் தூண்டில் முள்ளைக் குத்தினேன். ஆதாரம் வேண்டாமா?

வீட்டில் வாணலியில் எண்ணெய் காய்ந்துகொண்டிருந்தது. என் மேல் இவ்வளவு நம்பிக்கையா! உருகிப் போனேன்.

“அரை மணி நேரம் இழுபறி! என்னையே தண்ணிக்குள்ள இழுத்துப் போட்டுடுச்சு!”

“அடேங்கப்பா! முள்ளு இன்னும் வாயிலேயே இருக்கே?”

“பின்னே, நானா மாட்டினேன்?”

அவள் மீனைத் திருப்பினாள். வாலைச் சுற்றி ஒரு சிவப்பு நூல்.

“இது என் தையல் பெட்டி நூலுங்க. நீங்க கிளம்பின கையோட கடைக்குப் போய், நல்ல மீனாப் பார்த்துக் கட்டிட்டு வந்தேன். ‘மத்தியானம் ஒருத்தர் சொட்டச் சொட்ட நனைஞ்சு வருவாரு, அவருக்கு இதைக் குடுங்க’ன்னு சொன்னேன்.”

நான் தூண்டிலை மெதுவாகச் சுவரோரம் சாய்த்து வைத்தேன்.

“ஏணி காலையிலேயே சாத்தி வெச்சாச்சு. மீன் வறுபடறதுக்குள்ள ஏறி இறங்கிடுங்க.”