பசி ஒழிப்புத் துணி

மனித குலம் நெருப்பைக் கண்டுபிடித்த நாளுக்கு அடுத்தபடியாகப் போற்றத்தக்க நாள், பசி ஒழிப்புத் துறை இயக்குநர் லான்சினே துங்காரா ஸாங்கொலா கிராமத்தில் காரை விட்டு இறங்கிய நாள்தான். அன்று தெனிம்பாவுக்கு மட்டும் அது தெரியவில்லை. அவள் வேலிக்குப் பின்னால் ஒளிந்துகொண்டிருந்தாள்.

காரணம் அவள் வாய். தெனிம்பா தியோரோ குலத்தவள். கம்புப் பயிரை அறுக்காமல், வேரோடு நிற்கும்போதே வளைத்துப் பின்னித் துணியாக்குவது அந்தக் குலத்தின் தொழில். துணியின் ஓரத்தில் வேர் தொங்கும். காலையில் தண்ணீர் தெளித்தால் பச்சை மாறாது. உடுத்தியவருக்குப் பசி தெரியாது. துக்க வீட்டுக்காரர்கள் சாப்பாடு மறந்து கிடக்கும் ஒருநாள் மட்டும் அதைப் போர்த்துவது வழக்கம். தலைநகரச் சந்தையில் போட்டிக் கடைக்காரி ஒருத்தி சீண்டியபோது, "என் துணி இருந்தா நாட்டுல பசியே இருக்காதுடி!" என்று தெனிம்பா கத்திவிட்டாள். பின்னால் நின்று கேட்டவர் துங்காரா.

"அந்த மேதை எங்கே?" என்றார் அவர்.

"இதோ, வேலிக்குப் பின்னாடி" என்றான் அவள் கணவன் பூரமா. கட்டியவனின் விசுவாசம் அப்படி.

இயக்குநர் உரையாற்றினார். கம்பை விளைவித்து, அறுத்து, இடித்து, களி கிண்டி, தின்று, மறுபடி பசிப்பது 'காலாவதியான நடைமுறை'. வயல் முழுவதையும் துணியாக நெய்துவிட்டால் பசி 'வேரிலேயே' தீரும். தியோரோக்கள் 'நாட்டின் ரத்தினங்கள்'. ரத்தினங்கள் வெயிலில் தரையில் உட்கார்ந்து கேட்டன. நாற்காலிகள் குலப்பெருமை உள்ளவர்களுக்கு.

தெனிம்பா எழுந்தாள். துங்காரா குலத்துக்கும் தியோரோ குலத்துக்கும் பரிகாச உறவு. முகத்துக்கு நேராக ஏசலாம், கோபிக்கிறவன்தான் கெட்டவன்.

"ஏய் காராமணி தின்னி! நெய்த பயிர்ல மணி பிடிக்காது, பதர்தான் வரும். ஊரே எதைத் திங்கும்?"

"பசிதான் இருக்காதே அக்கா. அப்புறம் எதுக்குத் திங்கணும்?"

"வயிறு நெறஞ்ச மாதிரி இருக்கும்யா. நெறையாது."

"மாதிரி போதும்" என்றார் இயக்குநர் மலர்ந்த முகத்தோடு. "இதுக்குப் பேரே மாதிரித் திட்டம்தான்."

கூட்டம் கைதட்டியது. பூரமா மனைவியின் காதைக் கடித்தான். "உன் வாயால வந்தது. உன் வாயாலயே அனுப்பு."

அவள் வாய் உடனே வேலை செய்தது. "சரிங்க ஐயா. ஆனா எங்க குல வழக்கம் ஒண்ணு இருக்கு. முதல் துணி தலைவருக்கு. அது அவர் மேல கதிர் விடுற வரைக்கும் வேற பயிர நெய்யக் கூடாது."

அப்படியொரு வழக்கம் கிடையாது. அதனால்தான் பண்பாட்டை மதிக்கும் இயக்குநர் மறுபேச்சின்றி ஒப்புக்கொண்டார்.

மறுநாளே பச்சை அங்கி தயாரானது. உடுத்திய துங்காரா மதியச் சாப்பாட்டைத் திருப்பி அனுப்பினார். இரவுச் சாப்பாட்டையும். "அற்புதம்!" என்று வரப்பில் உலாவினார். ஆடுகள் பின்தொடர்ந்தன. குருவிகள் தோளில் அமர்ந்து ஆராய்ந்தன. கால்சட்டை இடுப்பில் நிற்காமல் கயிறு கட்டிக்கொண்டார். கன்னம் ஒட்டியதை 'சுறுசுறுப்பு' என்றார். இதற்கிடையில் வயலில் கம்பு முற்றியது. ஊரார் சத்தமில்லாமல் அறுத்துக் குதிருக்குள் சேர்த்தார்கள். அவர் கவனிக்கவில்லை. தன் தோளில் கதிர் வருகிறதா என்று பார்ப்பதே அவருக்கு முழுநேர வேலை.

ஒரு சாயங்காலம் அவர் தெனிம்பாவின் முற்றத்தில் பொத்தென்று விழுந்தார்.

அவள் சிரிப்பு நின்றது. "ஐயோ, செத்துகித்துப் போயிடாதய்யா!" என்று ஓடி வந்தாள். "இயக்குநர் ஐயா, அதக் கழட்டு!"

"கதிர்… இன்னும்…"

"கதிராவது மண்ணாவது! அப்படி ஒரு வழக்கமே இல்ல. நான்தான் புளுகினேன்!"

பூரமா கைகளைப் பிடிக்க, அவள் அங்கியை உரித்தாள். சேர்த்துவைத்திருந்த பசியெல்லாம் ஒரே நேரத்தில் துங்காராவுக்கு வந்து சேர்ந்தது. அவர் எழுப்பிய சத்தத்தில் ஆடுகள் கயிற்றை அறுத்துக்கொண்டு ஓடின. அடுப்போரம் புதுக் கம்பில் கிண்டிய களியும் வெண்டைக்காய்க் குழம்பும் இருந்தன. எந்தத் துங்காராவும் தியோரோ வீட்டுப் பானையில் கைவைத்ததில்லை. இவர் இரண்டு கையும் வைத்தார். தெனிம்பாவின் குடும்பம் முழுவதும் சுற்றி நின்று பார்த்தது.

"மெதுவா, விக்கிக்கும்" என்றாள் தெனிம்பா. நிம்மதியில் அவள் கண் கலங்கியிருந்தது. பிறகு பானைக்குள் எட்டிப் பார்த்தாள். நிம்மதி கொஞ்சம் குறைந்தது.

அப்போது அவர் கைபேசி அழைத்தது. அமைச்சர்.

"ஆமாங்க ஐயா" என்றார் துங்காரா வாய் நிறையக் களியோடு. "நேர்லயே பாத்துட்டேன். இங்க பசின்னு ஒண்ணு இல்லவே இல்ல. துணிதான் காரணம். நாடு முழுக்கப் போடலாம்."

"நமக்கு ராச்சாப்பாடு?" என்று பூரமா கிசுகிசுத்தான்.

"பேசாம இரு. பசி இல்லைன்னு சொல்றாருல்ல!"

துங்காராவுக்குப் பதவி உயர்வு கிடைத்தது. கொடுக்க வேண்டியதுதான். மற்றவர்கள் பேசிக்கொண்டே இருந்த பசி ஒழிப்பை அவர் ஒரே பானையில் செய்து முடித்தார். யாருடைய பசியை என்று கேட்பவர்கள்தான் நாட்டின் எதிரிகள்.