துப்பாக்கிக் கோப்பின் உண்மை நகல்

உலகத்தில் இதுவரை அழிந்த பேரரசுகள் எல்லாம் நகல் எடுத்து வைக்காததால்தான் அழிந்தன. இந்த உண்மையைக் கண்டறிந்தவர், பெரம்பலூர் பழைய பேருந்து நிலையத்துக்குப் பின்னால் ஒரு மாடியில் இணையதள மையம் நடத்திவந்த திரு. பாலசுந்தரம். சந்தேகப்படுகிறவர்களுக்கு அவர் கங்கைகொண்ட சோழபுரத்தைக் காட்டுவார். அங்கே கோயில் நிற்கிறது, அரண்மனை எங்கே? கோயிலுக்குத் தஞ்சாவூரில் ஒரு பிரதி இருந்தது, அரண்மனைக்கு இல்லை. இந்தக் கருத்தை எந்த வரலாற்றுப் பேராசிரியரும் மறுத்ததில்லை. அந்த மாடிக்கு எந்த வரலாற்றுப் பேராசிரியரும் வந்ததுமில்லை.

மூன்று தாலுகாக்களில் முப்பத்திரண்டு ஆண்டுகள் பணியாற்றி, துணை வட்டாட்சியராக ஓய்வு பெற்றவர் அவர். தன் கைபட்டு ஒரு தாள்கூடத் தொலைந்ததில்லை என்பது அவருடைய பெருமை. ஓய்வு பெற்ற நாளில் மாலை, சால்வை, சுவர்க்கடிகாரம் மூன்றும் கொடுத்தார்கள். 'உண்மை நகல்' என்ற வட்ட முத்திரையை யாரும் கொடுக்கவில்லை. அதை அவரே எடுத்துக்கொண்டார். பணியில் இருந்தவரை பச்சை மையில் கையெழுத்திடும் பதவி அவருக்கு வாய்க்கவில்லை. ஓய்வுக்குப் பின் பச்சைப் பேனா எந்தக் கடையிலும் தடையின்றிக் கிடைத்தது.

2006-ஆம் ஆண்டு மையத்துக்கு அகலக்கற்றை இணைப்பு வந்தது. அதோடு துப்பாக்கி விளையாட்டும் வந்தது. இந்தப் பக்கம் ஐந்து பேர், அந்தப் பக்கம் ஐந்து பேர். பெரம்பலூரில் உட்கார்ந்தபடி அரியலூரில் இருப்பவனைச் சுடலாம். இது பொதுமக்களுக்கு எவ்வளவு பெரிய வசதி என்பதை விளக்கத் தேவையில்லை. அரியலூரைத் தனி மாவட்டமாக்கி, ஒன்றேகால் வருடத்தில் மறுபடியும் பெரம்பலூரோடு சேர்த்துவிட்டிருந்த காலம் அது. இரண்டு ஊரிலும் சுட விரும்பியவர்கள் நிறையப் பேர் இருந்தார்கள்.

பெரம்பலூர் அணியின் தலைவன் மணிவேல். எறையூர்க்காரன், டிராக்டர் பட்டறையில் வேலை. அணியில் தட்டச்சு மேல்நிலை தேறிய நர்மதாவும் இருந்தாள். அவள் ஓடுகிற சத்தம் கேட்டே ஆளைச் சுடுவாள். அரியலூர் மையத்தின் உரிமையாளர் திருமுருகன் தொலைபேசியில் சவால் விட்டபோது, பாலசுந்தரம் அதை எழுத்து மூலம் கேட்டு வாங்கினார். பதினான்கு விதிகள் கொண்ட ஒப்பந்தம் தயாரானது. தோற்கும் மையம், வென்றவர்கள் சொல்லும் வாசகத்தைப் பலகையில் எழுதி ஒரு மாதம் வாசலில் மாட்ட வேண்டும். இது பதின்மூன்றாம் விதி. ஆட்டம் தொடங்கியபின் விளையாட்டின் அமைப்பை மாற்றும் அணி தோற்றதாகக் கருதப்படும். இது பதினான்காம் விதி. அரியலூர்க்காரர்கள் நடுவில் ஏதாவது திருட்டுத்தனம் செய்துவிடக் கூடாதே என்று பாலசுந்தரமே யோசித்துச் சேர்த்தது.

தன் வாசலில் அரியலூர்க்காரன் என்ன எழுதச் சொல்வான் என்று நினைத்துப் பார்த்த இரவுகளில் அவருக்குத் தூக்கம் வரவில்லை. பெயர்ப்பலகையில் அவர் பெயர் இருந்தது, அடைப்புக்குறிக்குள் 'ஓய்வு' என்ற சொல்லோடு. அந்தப் பெயருக்குக் கீழே இன்னொரு வாசகம் தொங்குவதை அவரால் கற்பனை செய்ய முடியவில்லை.

அந்தக் கவலையில்தான் அவர் 'கான்ஃபிக்' கோப்பின் முக்கியத்துவத்தை அறிந்தார். எந்த விசையை அழுத்தினால் ஓட வேண்டும், எதை அழுத்தினால் குனிய வேண்டும், மவுஸை ஒரு விரற்கடை நகர்த்தினால் துப்பாக்கி எவ்வளவு திரும்ப வேண்டும், எல்லாம் அந்த ஒரு கோப்பில் வரிவரியாக எழுதப்பட்டிருக்கும். ஆறு மாதம் திருத்தித் திருத்தி மணிவேல் உருவாக்கியிருந்த நானூற்றுப் பன்னிரண்டு வரிகளைத்தான் ஐந்து பேரும் பயன்படுத்தினார்கள்.

"முதல் வரி எல்லா விசையோட வேலையையும் அழிச்சிடும் சார்," என்று மணிவேல் விளக்கினான். "அதுக்கப்புறம் நம்ம எழுதுனதுதான் வேலை செய்யும். எழுதாதது செய்யாது. அதனால கை வைக்கிறதுக்கு முன்னாடி ஒரு காப்பி எடுத்துத் தனியா வெச்சுக்கணும். ஒரு தடவைக்கு ஒரு வரிதான் மாத்தணும். மாத்தினதும் விளையாடிப் பாக்கணும். கெட்டுப்போச்சுன்னா பழசை எடுத்துப் போட்டுக்கலாம்."

பாலசுந்தரம் நெகிழ்ந்துபோனார். ஓர் இளைஞன் வாயிலிருந்து 'முதலில் நகல்' என்ற சொல் வருவதை அவர் முப்பத்திரண்டு ஆண்டுகளாகக் கேட்டதில்லை. இத்தனை நல்ல நடைமுறை இத்தனை எளிமையாக இருக்கக் கூடாது என்று அவருக்குத் தோன்றியது. அதை மேம்படுத்தினார்.

மறுநாள் முதல், கோப்பில் ஒரு வரியை மாற்ற ஒரு மனு தேவைப்பட்டது. மனுவுக்கு எண் இடப்பட்டது. மவுஸின் வேகத்தை மூன்றிலிருந்து இரண்டரையாகக் குறைக்கக் கோரிய மணிவேலின் மனு, 'இதனால் பிறருக்கு ஆட்சேபணை உண்டா?' என்று கேட்கும் அறிவிப்பாக ஏழு நாள் சுவரில் ஒட்டப்பட்டது. ஆட்சேபணை வரவில்லை. ஆனாலும் அரைப் புள்ளி குறைப்பதற்கான காரணம் போதுமான அளவில் விளக்கப்படவில்லை என்று மனு திரும்பி வந்தது.

"கை வலிக்குது சார். அதான் காரணம்."

"மருத்துவச் சான்று இருக்கா தம்பி?"

மணிவேல் நல்ல பையன். சான்று கொண்டுவந்தான். இன்னொரு தாளையும் கூடவே கொண்டுவந்தான். அது அவன் அப்பா அய்யம்பெருமாளின் கரும்புக்காட்டுக்கான பட்டா நகல். அதில் சர்வே எண் இருக்க வேண்டிய இடத்தில் எண்ணைப் படிக்க முடியவில்லை. பதினோரு வருடமாக அப்பா ஒவ்வொரு திங்கட்கிழமையும் தாலுகா அலுவலகத்துக்குப் போய் வந்தார். 'இது உண்மை நகல். இதில் தெரியாதது அசலிலும் இருக்க முடியாது' என்று அங்கே சொல்லிவிட்டார்கள். அசல் எங்கே என்று கேட்டால் அது வேறு பிரிவு.

"இப்ப இருக்கறவங்க வேலை பாக்கறதே இல்ல," என்று பாலசுந்தரம் வருந்தினார். தாளைப் பிரித்துப் பார்க்காமல் ஓர் உறையில் போட்டு, எண் கொடுத்து, நாடா கட்டி, பீரோவில் வைத்தார். மூன்று வாரமாக அது 'பரிசீலனையில்' இருந்தது.

போட்டிக்கு முந்தைய சனிக்கிழமை அவர் தன் வாழ்நாளின் மிகக் கவனமான வேலையைச் செய்தார். கான்ஃபிக் கோப்பைத் தாளில் அச்சடித்தார். பதினோரு பக்கம். ஒவ்வொரு பக்கத்திலும் 'உண்மை நகல்' முத்திரையைக் குத்தி, பச்சை மையில் கையெழுத்திட்டு, கீழ்த்தெருவில் கொடுத்து லேமினேஷன் செய்தார். பீரோவில் வைத்துப் பூட்டினார். பிறகு கணினிகளைத் திறந்தார். அதே கோப்பு ஐந்து கணினியிலும் இருந்தது. மணிவேல் தனியாக எடுத்து வைத்த காப்பியும் ஐந்திலும் இருந்தது. ஒரே பெயரில் பத்துக் கோப்புகள்.

ஒரே நிலத்துக்குப் பத்துப் பத்திரம் இருந்தால் என்ன ஆகும் என்பது தெரிந்தவருக்குத்தான் அந்தக் காட்சியின் பயங்கரம் புரியும். கையொப்பமிட்ட ஆவணம் பீரோவில் பத்திரமாக இருக்கிறது. முத்திரையில்லாத இந்தப் பத்தும் போலி. பத்தையும் அழித்தார். கணினியின் குப்பைத்தொட்டியையும் மறக்காமல் காலி செய்தார். அன்று இரவு நிம்மதியாகத் தூங்கினார்.

ஞாயிறு காலை ஒன்பது மணிக்கு மணிவேல் விளையாட்டைத் திறந்தான். மவுஸைத் தொட்டதும் துப்பாக்கி வானத்தைப் பார்த்தது. கோப்பைத் தேடினான். பிறகு காப்பியைத் தேடினான். அவன் முகத்தைப் பார்த்து நர்மதா எழுந்து வந்தாள்.

"சார், ஃபைல் எங்க?"

"பாதுகாப்பா இருக்கு," என்றார் பாலசுந்தரம். சாவிக்கொத்தை எடுத்து, மெதுவாகப் பீரோவைத் திறந்து, பளபளக்கும் பதினோரு பக்கங்களை இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு வந்தார்.

மணிவேல் பக்கங்களையும் அவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தான். பாராட்ட வார்த்தை தேடுகிறான் என்று பாலசுந்தரம் நினைத்தார்.

"டைப் அடிச்சிரலாம் வாங்க," என்று நர்மதா நாற்காலியை இழுத்துப் போட்டாள். அவர் வாசித்தார், அவள் அடித்தாள். நானூற்றுப் பன்னிரண்டு வரிகளை ஐம்பது நிமிடத்தில் ஒருத்தி அடித்து முடிப்பதைப் பார்த்தபோது, அலுவலகத்தில் இவளைப் போல் ஒருத்தி இருந்திருந்தால் எவ்வளவு தொந்தரவாக இருந்திருக்கும் என்று அவருக்குத் தோன்றியது. ஐந்து கணினியிலும் கோப்பைப் போட்டார்கள். மணி ஒன்பது ஐம்பத்தைந்து.

"ஒரு தடவை விளையாடிப் பாத்துடலாம் சார்," என்றான் மணிவேல்.

"நான் வாசிச்சு, அந்தப் பொண்ணு அடிச்சு, நானே ஒப்புப் பாத்தாச்சு. அப்புறம் என்ன பாக்கறது?" மிச்சமிருந்த ஐந்து நிமிடத்தில் அவர் ஒப்புநோக்கிய சான்றில் கையெழுத்திட்டார். ஐந்து பிரதி.

பத்து மணிக்கு ஆட்டம் தொடங்கியது. பெரம்பலூர் அணி அற்புதமாக ஓடியது. அற்புதமாகக் குனிந்தது, தாவியது, சுவருக்குப் பின் மறைந்தது, துப்பாக்கியில் குண்டு நிரப்பியது. நர்மதா சத்தத்தை வைத்தே ஒருவனைக் கண்டுபிடித்து, அவன் முதுகுக்குப் பின்னால் போய் நின்று, மவுஸை அழுத்தினாள். ஒன்றும் நடக்கவில்லை. மறுபடி அழுத்தினாள். அவன் திரும்பிப் பார்த்தான்.

ஐந்து பேரின் துப்பாக்கியும் சுடவில்லை. அரியலூர்க்காரர்கள் முதலில் இதை ஏதோ புதிய தந்திரம் என்று பயந்து இரண்டு சுற்று ஒளிந்துகொண்டே விளையாடினார்கள். மணிவேல் அமைப்புப் பக்கத்தைத் திறக்கப் போனான். பாலசுந்தரத்தின் கை அவன் தோளில் விழுந்தது.

"பதினாலாவது விதி தம்பி. தொட்டா தோத்துடுவோம்."

தொடாமலே தோற்றார்கள். பதினாறுக்குப் பூஜ்யம். ஆயினும் விதி ஒன்றுகூட மீறப்படவில்லை என்பதைப் பாலசுந்தரம் குறிப்பேட்டில் பதிவு செய்தார்.

மணிவேல் சத்தம் போடவில்லை. லேமினேஷன் பக்கங்களை ஒவ்வொன்றாக எடுத்து, குழல்விளக்குக்கு நேரே தூக்கிப் பிடித்தான். நான்காம் பக்கத்தில் நிறுத்தினான். கறுத்த ஊதா வட்டத்துக்கு அடியில், வெளிச்சத்தில் ஒரு வரி மங்கலாகத் தெரிந்தது. மவுஸை அழுத்தினால் சுட வேண்டும் என்ற வரி.

"முத்திரைக்குக் கீழ இருந்துச்சு சார். நீங்க வாசிக்கல."

"படிக்க முடியலைன்னா விட்டுட்டு அடுத்த வரிக்குப் போறதுதானே வழக்கம்," என்றார் பாலசுந்தரம். அவர் உண்மையைத்தான் சொன்னார்.

மணிவேல் அவரையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு திறந்திருந்த பீரோவுக்குப் போனான். நாடாவை அவிழ்த்து உறையிலிருந்து அப்பாவின் தாளை எடுத்தான். அதையும் விளக்குக்கு நேரே பிடித்தான். அதே வட்டம். அதே ஊதா. அதே வால் நீண்ட கையெழுத்து, நீல மையில். வட்டத்தின் நடுவே எண் மெல்லத் தெளிந்தது. அவன் அதை வாய்விட்டுப் படித்தான். நர்மதா ஒரு துண்டுத்தாளில் குறித்துக்கொண்டாள். பதினோரு வருடத்துக்கு அவ்வளவு நேரம்தான் பிடித்தது.

அப்போது தொலைபேசி மணி அடித்தது. பதின்மூன்றாம் விதிப்படி வாசகம் சொல்ல அரியலூரிலிருந்து திருமுருகன் பேசினார். மணிவேல்தான் எடுத்தான். நடந்ததைச் சொன்னான். வாசகத்தைத் தானே எழுதிக்கொள்ள அனுமதி கேட்டான். கங்கைகொண்ட சோழபுரம் பக்கம் திருமுருகனின் மாமனாருக்கு ஒரு முந்திரிக்காடு இருந்தது. அதற்கும் ஒரு நகல் இருந்தது.

"எழுதுப்பா," என்றார் திருமுருகன். "பெருசா எழுது. பஸ்ஸுல போறவங்களுக்கும் தெரியட்டும்."

திங்கட்கிழமை காலை பலகை மாட்டப்பட்டது. ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டவர் என்ற முறையில் பாலசுந்தரமே ஆணியைப் பிடித்துக்கொண்டார். 'பாலசுந்தரம் (ஓய்வு) முத்திரையிட்ட உண்மை நகல் வைத்திருப்பவர்கள், அதை வெளிச்சத்தில் பிடித்துப் பார்க்கவும்.' இனி இந்த மாடிக்கு ஒருவரும் ஏற மாட்டார்கள் என்று நினைத்துக்கொண்டு உள்ளே போய் உட்கார்ந்தார்.

பத்தரை மணிக்குக் கீழே சலசலப்பு கேட்டது. ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தார். மாடிப்படியிலிருந்து பேருந்து நிலையம் வரை, திங்கட்கிழமை மனுவோடு அலுவலகத்துக்கு வந்தவர்கள் நின்றார்கள். துண்டு போட்டவர்கள், இடுப்பில் பிள்ளையோடு வந்தவர்கள், கீழப்பழுவூர் பஸ்ஸிலிருந்து இறங்கி ஓடி வருகிறவர்கள். எல்லோர் கையிலும் ஒரு தாள். எல்லோரும் அதைச் சூரியனுக்கு நேரே தூக்கிப் பிடித்திருந்தார்கள்.

மையம் தொடங்கிய நாளிலிருந்து இத்தனை கூட்டம் வந்ததில்லை. பாலசுந்தரத்தின் முகம் மலர்ந்தது. சட்டையைச் சரிசெய்துகொண்டு, பச்சைப் பேனாவைப் பையில் செருகி, படியின் தலைமாட்டில் வந்து நின்றார்.

"தள்ளாதீங்க. வரிசையில வாங்க."

முதல் படியில் நின்ற மணிவேலின் அப்பா அய்யம்பெருமாள் தாளைக் கீழே இறக்கினார்.

"பதினோரு வருசமா வரிசையிலதாங்க நிக்கிறோம்," என்றார். "முன்னாடி உக்காந்திருக்கறது யாருன்னு இன்னைக்குத்தான் தெரிஞ்சுது."