பட்டியலில் ஏறிய சொல்தா

நியாயம் எந்த மூலையில் ஒடுங்கிக் கிடக்கிறது என்று தேடும் பெருமக்களே, வெகுதூரம் அலைய வேண்டாம். புதுச்சேரிக்கு வாருங்கள். சாரம் பகுதிக்கு அருகே, நெடுஞ்சாலையை ஒட்டிய ஒரு காவல் நிலையத்தின் வாசலில், சலவைச் சட்டையும் அதன்மேல் ஒரு வெண்கலப் பதக்கமுமாக நிற்கிறாரே, அவரைப் பாருங்கள். பெயர் அர்மான். வயது அறுபத்து மூன்று. பிரெஞ்சுப் படையில் பதினைந்து ஆண்டுகள் ஊழியம் பார்த்து ஊர் திரும்பியவர். தெருவார் அவரைச் 'சொல்தா' என்பார்கள். பட்டாளத்துக்காரர் என்று பொருள். அவர் செய்த குற்றம், ஒரு சாலையைக் கடக்க அனுமதி கேட்டது.

பத்து நாளைக்கு முன் வடக்கே ஒரு நகரத்தில், மேடையில் நின்ற நாட்டின் தலைவரை நோக்கி எவனோ சுட்டான். குண்டு தோளை உரசிப் போனது, தலைவர் பிழைத்தார். அவருக்காக அர்மானின் மனைவி அந்துவானெத் கோயிலில் மெழுகுவத்தி ஏற்றிவிட்டு வந்தாள். அதே தலைவர் வரும் வியாழக்கிழமை புதுச்சேரிக்கு வருகிறார் என்று அறிவிப்பு வந்தது. அவ்வளவுதான். சாலை நெடுகச் சவுக்குக் கழிகள் முளைத்தன. கடைகளுக்குப் பூட்டு, மாடிகளுக்குத் தடை, வாகனங்களுக்குப் பாஸ்.

திங்கட்கிழமை அர்மான் பாஸ் கேட்டு வந்தார்.

"வியாழக்கெழம காலைல ஏழு மணிக்கு ரோட்ட தாண்டணும் சார். ஸ்கூட்டர்ல. வொய்ஃபுக்கு டயாலிசிஸ்."

உதவி ஆய்வாளர் ஜானகிராமன் தலை நிமிரவில்லை. "பாஸ் எல்லாம் முடிஞ்சிபோச்சி. வெள்ளிக்கெழம போங்க."

"ரத்தம் வெள்ளிக்கெழம வரைக்கும் காத்துனு இருக்காது சார். செவ்வா, வியாழன், சனி. ஒரு நாள் தவறுனாலே நுரையீரல்ல தண்ணி ஏறிடும்னு டாக்டர் சொல்லியிருக்காரு."

"எல்லாரும் ஏதோ ஒண்ணு சொல்லினுதான் வர்றீங்க."

புதுச்சேரியில் எந்த அலுவலகத்திலும் செல்லுபடியாகும் ஒரு மந்திரம் உண்டு. அர்மான் அதை எடுத்தார். பதக்கம் தெரியும்படி நெஞ்சை நிமிர்த்தினார்.

"நான் பிரெஞ்சு மிலித்தேர் சார். குறி பாத்து சுடுற பிரிவு."

ஜானகிராமன் எழுந்தே விட்டார். நாற்காலி வந்தது. தேநீர் வந்தது. "எவ்ளோ தூரத்துல சுடுவீங்க?"

"முந்நூறு மீட்டர். ஜிபூத்தி பாலைவனத்துல ஒருத்தன் தொப்பிய மட்டும் தூக்கியிருக்கேன் சார். தலைமுடி ஒண்ணு கலையல."

"அடேங்கப்பா! வூடு எங்க?"

"ரோட்டுக்கு ரெண்டாவது வூடு. மாடி."

"மாடிலருந்து ரோடு தெரியுமா?"

"பளிச்சுனு தெரியும் சார்."

"கொளஞ்சி," என்றார் ஜானகிராமன், பக்கத்து மேசைப் பெண் காவலரிடம். "எழுதிக்கோம்மா."

எழுதப்பட்டது பாஸ் அல்ல, பட்டியல். தலைவர் போகும் பாதையருகே குடியிருக்கும், ஆயுதப் பயிற்சி பெற்ற அனைவரும் வியாழன் காலை ஆறு முதல் மாலை ஆறு வரை நிலையத்துப் பெஞ்சில் இருந்தாக வேண்டும் என்பது மேலிடத்து ஆணை. நோயாளியைக் கூட்டிப்போகும் பாஸோ அந்தந்த வீட்டாருக்கு மட்டும். பெற்ற ஒரே மகள் லேயா இருப்பதோ பிரான்சின் லியோன் நகரத்தில்.

வீட்டில் அந்துவானெத் எல்லாவற்றையும் கேட்டாள். கால் வீங்கியிருந்தது, குரல் வீங்கவில்லை.

"என்னாங்க, உண்மைய சொல்லிட்டு வந்துடுங்களேன்."

"எந்த உண்மைய?"

"எனக்குத் தெரிஞ்ச உண்மைய."

அந்த உண்மையை நீங்களும் தெரிந்துகொள்ளுங்கள். அர்மான் பதினைந்து ஆண்டும் படையின் அடுக்களையில் இருந்தவர். நானூறு பேருக்கு வெங்காயம் உரித்தவர். தலைமைச் சமையற்காரராகக்கூட ஆகவில்லை. ஊர் திரும்பிய முதல் நாள் தேநீர்க் கடையில் ஒருவர், 'முசியே' என்ற பிரெஞ்சு மரியாதையோடு, "அங்க என்ன முசியே பண்ணீங்க?" என்று கேட்டபோது, கரண்டி என்ற சொல் தொண்டையைத் தாண்டவில்லை, துப்பாக்கி தாண்டிவிட்டது. ஏனென்றால் நம் ஊரில், நாலு பேரைக் கொன்ற கைக்கு வணக்கம் உண்டு. நானூறு பேரின் பசியைக் கொன்ற கையை எவரும் குலுக்குவதில்லை. இருபத்தைந்து ஆண்டுகளாக அந்தத் துப்பாக்கியை அவர் துடைத்துத் துடைத்துப் பளபளப்பாக்கி வைத்திருந்தார்.

"கூட இருந்து பாத்தவ மாதிரி நான் ஒரு நாளும் சாட்சி சொன்னதில்ல," என்றாள் அந்துவானெத். "மறுத்துப் பேசுனதும் இல்ல. இப்ப எனக்காக ஒரு தரம் இறங்கி வாங்க."

அவர் இறங்கவில்லை. பொய்யைக் கலைக்காமலே பட்டியலைக் கலைக்க வழி தேடினார்.

செவ்வாய்க்கிழமை காலை மனைவியைப் பெரிய ஆஸ்பத்திரியில் டயாலிசிஸுக்கு விட்டுவிட்டு, நன்னடத்தைக்குச் சாட்சியாக எதிர்வீட்டு ஹாஜாவைக் கூட்டிவந்தார். ஹாஜா குடை, சூட்கேஸ் பழுதுபார்ப்பவர். தெருவில் அர்மானை அவரைவிட அதிகமாக நம்பியவர் கிடையாது.

"இவரு எப்படிப்பட்ட ஆளு?" என்று கேட்டார் ஜானகிராமன்.

"தங்கமான மனுசன் சார். அநாவசியமா யாரையும் சுட மாட்டாரு."

"அவசியம்னா?"

"அவசியம்னா தப்பவே முடியாது சார்! ஓடுற ஜீப்புல நின்னுகினு, இருட்டுல, சிகரெட் நெருப்ப மட்டும் அணைச்சவரு. முசியே, அந்த ஒட்டகத்து கதைய நீங்களே சொல்லுங்க!"

"வாணாம் ஹாஜா பாய்," என்றார் அர்மான் மெல்லிய குரலில்.

"பாத்தீங்களா சார், அடக்கம்!"

பட்டியலில் அவர் பெயருக்குக் கீழே சிவப்பு மையால் கோடு விழுந்தது. ஒரு நாள் பெஞ்சு போதாது, புதன் இரவே வந்துவிட வேண்டும் என்றார் ஜானகிராமன்.

அன்று மாலையே அர்மான் கறுப்புக் கண்ணாடி அணிந்து, சுவரைத் தடவியபடி நிலையத்துக்குள் நுழைந்தார்.

"சார், அதெல்லாம் அந்தக் காலம். இப்ப கண்ணு சுத்தமா போயிடுச்சி. எதிர்ல நிக்கிறது ஆளா தூணான்னு தெரியல."

"நான் தெரியலியா?"

"சத்தத்த வச்சி நீங்கதான்னு நெனைக்கிறேன்."

ஜானகிராமன் அவரை நெடுநேரம் பார்த்தார். பிறகு சன்னல் வழியே வாசலைப் பார்த்தார். "வெளில நிக்கிறது உங்க ஸ்கூட்டரா?"

"ஆமா சார்."

"யார் ஓட்டினு வந்தா?"

அர்மான் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றினார். ஸ்கூட்டர் சாவி மேசை இழுப்பறைக்குள் போனது. ஓட்டுநர் உரிமம் அதன் பின்னாலேயே போனது. அர்மான் நடந்தே வீடு சேர்ந்தார். அந்துவானெத் பீரோவைத் திறந்து, அடியில் இருந்த பழைய பழுப்பு நிறப் படைப் பதிவேட்டை எடுத்து அவர் மடியில் வைத்தாள். வைத்த கையை எடுக்கவும் இல்லை. ஊசி ஏறி ஏறித் தடித்துப் போயிருந்த அந்தக் கையை அவர் பார்த்தார்.

புதன்கிழமை பகல். பதிவேட்டோடு அர்மான் உள்ளே போனார். போகும்போது துணைக்கு வர வேண்டாம் என்று சொல்லியும் ஹாஜா வந்தார். அவர் வந்ததும் பூட்டிய தேநீர்க் கடை வாசலில் இருந்த ஆறேழு பேரும் வந்தார்கள்.

ஜானகிராமன் புத்தகத்தைப் புரட்டினார். "பிரெஞ்சுல இருக்கு. மொழிபெயர்ப்புக்கு அனுப்புனா பத்து நாளு. நீங்களே படிச்சி சொல்லுங்க. எல்லாரும் கேக்குற மாதிரி, சத்தமா."

அர்மான் பின்னால் திரும்பிப் பார்த்தார். ஹாஜா முகத்தில் பெருமை வழிந்தது. கைதட்டத் தயாராக இருந்தார்.

"பணி," என்று படித்தார் அர்மான். "பணி... சமையற்காரர். இரண்டாம் நிலை."

அடுத்த வரிக்கு விரலை நகர்த்தினார்.

"துப்பாக்கிப் பயிற்சி, போதாது. பத்து குண்டுல ஒம்போது பலகையில படல. பத்தாவது பட்டுச்சி." பதிவேட்டைக் கொஞ்சம் கீழே இறக்கினார். "பக்கத்து ஆளோட பலகையில."

"ஒட்டகம்?" என்றார் ஹாஜா, குழந்தையைப் போல.

"ஒட்டகத்த தூரத்துல பாத்தேன் ஹாஜா பாய்."

ஹாஜா தரையைப் பார்த்து நின்றார். "எம் பொண்ணு ஸமீஹா கல்யாணத்துல வாசல்ல நின்னுகினே, ரெண்டாவது தேக்சால அரிசி குழையுதுன்னு சொன்னீங்க," என்றார். "சுடுறவருக்கு எதுக்கு இவ்ளோ பெரிய மூக்குன்னு அப்பவே யோசிச்சேன் முசியே."

பெருமக்களே, ஒரு மனிதன் இருபத்தைந்து ஆண்டு கட்டிய கோட்டையைத் தன் கையாலேயே இடித்துவிட்டு நிற்கிறான். அத்தோடாவது விட்டார்களா? இல்லை.

"நேத்து குருடுன்னீங்க," என்றார் ஜானகிராமன். "இன்னிக்கு சமையல்காரருங்கறீங்க. நாளைக்குப் புள்ளத்தாச்சின்னு சொல்லுவீங்க. எனக்குக் கண்ணால பாக்கணும்."

காண்பதற்கு வாய்ப்பும் அங்கேயே இருந்தது. பாதுகாப்புக்கென்று காரைக்காலிலிருந்து முப்பது காவலர்கள் வந்திறங்கியிருந்தார்கள். பாதுகாப்புக்கென்று அந்த வட்டாரத்து உணவகங்கள் அத்தனையையும் அதே நிலையத்தார் முந்தின நாளே மூடியிருந்தார்கள். ஆகவே காவல் காக்க வந்தவர்கள் காலையிலிருந்து பிஸ்கோத்துத் தின்றுகொண்டிருந்தார்கள். பின்கட்டில் அடுப்பு இருந்தது, அரிசி மூட்டை இருந்தது, வெங்காயம் இருந்தது, சமைக்கத் தெரிந்த ஓர் ஆண்மகன் இல்லை.

அர்மான் பதக்கத்தைக் கழற்றி ஹாஜாவிடம் கொடுத்தார். சட்டைக் கையை மடித்தார்.

பிறகு நடந்ததை அந்த முப்பது பேரும் வாய் மூடாமல் பார்த்தார்கள். கத்தி பலகையில் மழையாகப் பெய்தது. அவர் வெங்காயத்தைப் பார்க்கவே இல்லை. எண்ணெயின் ஓசையைக் கேட்டுக்கொண்டிருந்தார். கூன் விழுந்திருந்த முதுகு நிமிர்ந்தது. "தண்ணி போதும்! மூடு! எவனும் தொறக்காத!" என்று அவர் போட்ட அதட்டலில் தலைமைக் காவலர் ஒருவர் தன்னையறியாமல் விறைத்து நின்றார். ஒரு மணி நேரத்தில் குஸ்காவும் தயிர் வெங்காயமும் தயார். தொப்பி தூக்கிய கதையை எத்தனையோ முறை சொன்னபோதும் அந்த முகத்தில் வராத ஒளி ஒன்று அப்போது வந்திருந்தது. ஹாஜா அதைப் பார்த்தார். பதக்கத்தைச் சட்டையில் துடைத்துத் துடைத்து வைத்துக்கொண்டார்.

ஜானகிராமன் இரண்டாம் முறை தட்டை நீட்டினார். மூன்றாம் முறை நீட்டுவதற்கு முன் பட்டியலை வரவழைத்து, அர்மான் பெயரைத் தம் கையாலேயே அடித்தார். இழுப்பறையிலிருந்து சாவியும் உரிமமும் வந்தன.

"துப்பாக்கிக்காரர்னா நம்பிட்டேன். சமையல்காரர்னா நம்ப மூணு நாளு ஆச்சி," என்று அவரே சொல்லிச் சிரித்தார். "கொளஞ்சி, முசியேவுக்கு நாளைக்கு ஒரு பாஸ் எழுதும்மா. காலைல ஏழு மணிக்கு, டயாலிசிஸுக்கு."

ஓரமாக அமர்ந்து தட்டை வழித்துக்கொண்டிருந்த கொளஞ்சி நிமிரவில்லை.

"எழுதித் தரேன் சார். ஆனா நாளைக்கு வர்றது வெறும் காருங்கதான். தலைவரு செவ்வாக்கெழமயே லாஸ்பேட்டை ஏர்போர்ட்ல எறங்கி, முக்கா மணி நேரம் இருந்துட்டு ஏறிப் போயிட்டாரு. கேட்டாண்ட நான்தான் டியூட்டி. அன்னிக்கு ஒரு தெருவ அடைக்கல, ஒருத்தர உக்கார வைக்கல, இந்த முசியே ஊரெல்லாம் ஸ்கூட்டர்ல சுத்தினுதான் இருந்தாரு. தலைவருக்கு ஒண்ணும் ஆவலயே!"

பெருமக்களே, விடிந்தால் அந்தச் சாலையில் பதினேழு கார்கள் வரும். சவுக்குக் கழிகளுக்கு முன்னால் வந்து நில்லுங்கள். கண்ணாடியைத் தட்டி, உள்ளே இருப்பது யார் என்று கேளுங்கள்.