பொன்னிறம் வந்துகொண்டிருக்கிறது

மனிதன் நெருப்பைக் கண்டுபிடித்ததற்கு அடுத்தபடியாகச் சொல்ல வேண்டிய சம்பவம், போன சனிக்கிழமை எங்கள் வீட்டுச் சமையலறையில் நடந்தது. மூன்று ஆண்கள், எந்தப் பெண்ணின் துணையும் இல்லாமல், பாதாமும் வால்நட்டும் போட்டு மேலே சர்க்கரைப் பூச்சு பூசிய ஒரு கேக்கைச் செய்யப் புறப்பட்டார்கள். அதில் ஒருவன் நான். மற்ற இருவரும் என் தலைமையின் கீழ் இயங்கியவர்கள். பெருமைக்காகச் சொல்லவில்லை. வேறு யாரும் சொல்லமாட்டேன் என்கிறார்கள், அதனால் நானே சொல்ல வேண்டியிருக்கிறது.

விஷயம் இதுதான். என் மனைவி ஆஸ்பத்திரியில் நர்ஸ். வீட்டில் யாருக்குப் பிறந்தநாள் வந்தாலும் கேக் அவள்தான் செய்வாள். எனக்கு, என் அப்பாவுக்கு, அவள் தம்பிக்கு, மாடி வீட்டுக்காரருக்கு, ஒருமுறை என் மேனேஜர் வளர்க்கும் நாய்க்குக்கூட. அவள் பிறந்தநாளுக்கும் அவளேதான். இந்த வருஷம் முதல் நாள் சாயங்காலம் துணி மடித்துக்கொண்டே சொன்னாள்.

"என்னங்க, நாளைக்கு எனக்கு எதுவும் வாங்க வேண்டாம். நான் கை வைக்காத கேக் ஒண்ணு வேணும். ட்யூட்டி முடிச்சு வந்து, காலை நீட்டி உக்காந்து, ஒரு துண்டு சாப்பிடணும். வேற ஒண்ணும் கேக்கல."

"கடையிலேருந்து..."

"கடை கேக் வார்டுல தினம் யாராவது கொண்டு வராங்க. வீட்ல பண்ணது வேணும். வெண்ணெயும் சர்க்கரையும் அடிச்சு, முட்டை ஊத்தி, மாவு, பருப்பு எல்லாம் கலந்து ஓவன்ல வைக்கணும். ஆறினதும் பொடிச்ச சர்க்கரையில எலுமிச்சம்பழம் பிழிஞ்சு மேல ஊத்தணும். அவ்வளவுதான். வச்சு எடுக்கிறதெல்லாம் சேத்து ரெண்டு மணி நேர வேலை."

சொல்லும்போதே அவள் முகத்தில் அந்தக் கேக்கின் ருசி தெரிந்தது. எனக்கே ஒரு மாதிரி ஆகிவிட்டது. "கவலையை விடு" என்றேன். இந்த வார்த்தையை நான் சொன்னால் அவள் வழக்கமாகக் கவலைப்படத் தொடங்குவாள். அன்று நம்பினாள் பாவம்.

ஆனால் "ரெண்டு மணி நேர வேலை" என்பது என்ன பேச்சு? எங்கள் அலுவலகத்தில் அப்படியெல்லாம் யாரும் வாய்விட்டுச் சொல்ல மாட்டோம். நான் அங்கே "முன்னேற்றப் பிரிவு" துணை மேலாளர். மற்ற பிரிவுகள் வேலை செய்யும். அந்த வேலை முன்னேறுகிறது என்று மேலிடத்துக்கு நாங்கள் தெரிவிப்போம். வேலையே நடக்காத மாதங்களில்கூட நாங்கள் ஒரு நாளும் சும்மா இருந்தது கிடையாது. போன வருஷம் சிறந்த பிரிவுக்கான கேடயம் எங்களுக்குத்தான்.

ஆகவே அவள் காலையில் பஸ் ஏறிய கையோடு கூட்டத்தைக் கூட்டினேன். அவள் தம்பி, அதாவது என் மச்சான், கேக் வீடியோக்களாகப் பார்த்துத் தள்ளியவன். வாழ்க்கையில் ஒரு முட்டை உடைத்ததில்லை. எனவே அவனை "தொழில்நுட்ப நிபுணர்" ஆக்கினேன். என் அப்பா நிலம் அளக்கும் துறையில் இருந்து ஓய்வு பெற்றவர். அவருக்கு "அளவை". நான் "ஒருங்கிணைப்பு". அது எந்தப் பாத்திரத்தையும் தொடத் தேவையில்லாத பொறுப்பு.

கூட்டத்தின் முதல் விவாதப் பொருள்: ஓவன் எத்தனை டிகிரி?

"நூத்து எழுபது அத்தான். எல்லா வீடியோவிலயும் அதான்" என்றான் மச்சான்.

"நூத்து எண்பது" என்றார் அப்பா.

"எதை வச்சு மாமா சொல்றீங்க?"

"நூத்து எண்பது டிகிரின்னா நேர்கோடு. நாப்பது வருஷம் கோடு போட்டவன்டா நான்."

விவாதம் சூடு பிடித்தது. அன்று அந்தச் சமையலறையில் சூடு பிடித்தது அது ஒன்றுதான் என்பது பிற்பாடுதான் தெரிந்தது. நூற்று எழுபத்தைந்து என்று ஒரு "சமரசத் தீர்வு" கண்டு, சாப்பிடப் போனோம். சாப்பிட்டதும் தூங்கினோம். பெரிய திட்டங்களுக்கு இடைவேளை அவசியம்.

எழுந்ததும் முதல் வேலையாக மேல்பூச்சைச் செய்து முடித்தோம். கேக் ஆறிய பிறகு செய்ய வேண்டியதுதான். ஆனால் பார்க்கிறவர் கண்ணில் முதலில் படுவது பூச்சு அல்லவா? எங்கள் அலுவலகத்தில் எப்போதும் அதைத்தான் முதலில் முடிப்போம். மச்சான் சர்க்கரையைப் பொடித்து, எலுமிச்சம்பழத்தைப் பிழிந்து, கரண்டியில் எடுத்து ஊற்றிக் காட்டினான். ஆஹா, பட்டு மாதிரி வழிந்தது. நான் கைதட்டினேன். அப்பா நக்கிப் பார்த்துவிட்டு இன்னொரு தடவை நக்கினார்.

பிறகு பாதாமையும் வால்நட்டையும் வாணலியில் வறுத்தோம். முதல் தவணை கரியாகிவிட்டது. அதை "சோதனை ஓட்டம்" என்று பதிவு செய்துகொண்டு இரண்டாவது தவணையை வறுத்தோம். வீடு முழுக்க ஒரே வாசனை. மாடி வீட்டுக்காரர் ஜன்னலைச் சாத்தினார். வெண்ணெயையும் சர்க்கரையையும் அப்பா அடித்தார். முட்டைகளை மச்சான் உடைத்தான். ஓடு விழுந்ததை நான் சுட்டிக் காட்டினேன். மாவைக் கலந்து, பருப்பைத் தூவி, அச்சில் ஊற்றி, மூவரும் ஆளுக்கொரு பக்கம் பிடித்து ஓவனுக்குள் வைத்தோம். நியாயமாக அந்த இடத்தில் பேண்டு வாத்தியம் ஒலித்திருக்க வேண்டும்.

ஓவனில் மூன்று குமிழ்கள். வலது பக்கத்தில் டிகிரி. அதை அப்பா கண்ணாடி போட்டுக்கொண்டு நூற்று எழுபத்தைந்தில் வைத்தார். இடது பக்கத்தில் நேரம். அதை நான் முக்கால் மணிக்குத் திருப்பினேன். நடுக்குமிழில் என்னென்னவோ படங்கள். மச்சான் அதை ஒரு திருப்புத் திருப்பினான். உள்ளே பளிச்சென்று விளக்கு எரிந்தது.

"ஆன் ஆயிடுச்சு!" என்றான்.

மூவரும் கைகுலுக்கிக்கொண்டோம். ஓவனுக்கு முன்னால் மூன்று நாற்காலிகளைப் போட்டு உட்கார்ந்தோம். கண்ணாடிக் கதவுக்குப் பின்னால், மஞ்சள் வெளிச்சத்தில், எங்கள் கேக்.

"முன்னேற்றம்?" என்றேன் கொஞ்ச நேரம் கழித்து.

"லேசா எழும்புது அத்தான்."

"ஒரு நூல் எழும்பியிருக்கு" என்று அப்பா துல்லியம் சேர்த்தார்.

"நிறம்?"

"பொன்னிறம் வந்துக்கிட்டிருக்கு."

எனக்கும் தெரிந்தது. சத்தியமாகத் தெரிந்தது. அந்த வெளிச்சத்தில் கழுவிய துணியை வைத்திருந்தாலும் பொன்னிறமாகத்தான் தெரிந்திருக்கும் என்று இப்போது சொல்லலாம். ஆனால் இரண்டு பேர் எழும்புகிறது என்று சொல்லும்போது மூன்றாவது ஆள் இல்லை என்று சொல்வது பண்பாடா? "நல்லா வருது" என்றேன். உடனே அவர்களுக்கு இன்னும் நன்றாக வருவது தெரிந்தது.

"வாசனை வருது பாரு" என்றார் அப்பா, வறுத்த பருப்பு வாசனையை இழுத்துக்கொண்டு. அப்புறம் நெற்றியைச் சுருக்கினார். "ஏன்டா, இவ்வளவு கிட்ட உக்காந்திருக்கேன், கொஞ்சங்கூட அனல் அடிக்கலையே?"

"அதுதாம்ப்பா தரமான ஓவன். சூட்டை வெளியே விடாது."

"அதானே!" என்று மச்சான் ஓவனைத் தட்டிக்கொடுத்தான். நான் ஒரு படம் எடுத்து அலுவலகக் குழுவுக்கு அனுப்பினேன். "எண்பது சதவீதம் நிறைவு." ஒரே நிமிஷத்தில் மேனேஜர் கைதட்டும் பொம்மை அனுப்பினார். மனுஷர் எதையும் கேட்காமல் பாராட்டுவார். அதனால்தான் அந்த நாற்காலியில் இருக்கிறார்.

டிங்! நேரம் முடிந்தது. மச்சான் கதவை ஒரு விரற்கடை திறந்து நீளமான ஈர்க்குச்சியைச் செருகி எடுத்தான். குச்சி முழுக்க மாவு.

"ஈரப்பதம் அருமையா இருக்கு" என்றான்.

முக்கால் மணி "கால நீட்டிப்பு" வழங்கினேன். அது ஓடிக்கொண்டிருந்தபோது வாசல் கதவு திறந்தது.

அவள் செருப்பைக்கூட ஒழுங்காகக் கழற்றவில்லை. தோளில் பையோடு நேரே சமையலறைக்கு வந்து, மோப்பம் பிடித்து, "அட! நிஜமாவே பண்ணிட்டீங்களா!" என்றாள். கண் கலங்கிவிட்டது. அந்த ஒரு நிமிஷம் நான் உலகத்திலேயே உயர்ந்த கணவன். அப்புறம் அவள் பார்வை ஓவன் மேல் போய், நடுக்குமிழில் நின்றது.

அவள் வலது கை தானாக நீண்டது. பாதி வழியில் அதை இடது கையால் பிடித்து இழுத்துக்கொண்டாள். நான்காவது நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, இரண்டு கைகளையும் தொடைக்கு அடியில் வைத்துக்கொண்டாள்.

"எப்படி வருது?" என்று கேட்டாள்.

"தொண்ணூறு சதவீதம்."

"பொன்னிறமா?"

"நீயே பாரேன்."

"ஆமாங்க" என்றாள். "பொன்னிறந்தான்."

"ஏன்க்கா கை மேல உக்காந்திருக்க?"

"வெளியில விட்டா வேலை செஞ்சிடும்டா. இன்னிக்கு நான் கை வைக்கிறதா இல்ல. பசிக்குது, பரவாயில்ல. உக்காந்திருக்கேன்."

நான்கு பேரும் பார்த்தோம். அவள் வயிறு ஒருமுறை சத்தம் போட்டது. இரண்டாவது டிங்கும் அடித்தது. குச்சியில் மறுபடியும் மாவு. இன்னொரு நீட்டிப்புக்கு நான் வாயெடுக்கும்போது அப்பாவுக்குப் பொறுமை போய்விட்டது. எழுந்தார், கதவைத் திறந்தார், துணி கிணி எதுவும் இல்லாமல் இரண்டு வெறுங்கைகளாலும் அச்சைப் பிடித்துத் தூக்கினார்.

"ஐயோ சுடும்!" என்று நானும் மச்சானும் அலறினோம்.

அப்பா அச்சை ஏந்தியபடி நின்றார். கொஞ்சம் யோசித்தார். அச்சைக் கன்னத்தில் வைத்துப் பார்த்தார்.

"சுடலையே" என்றார்.

"இது ஒருவகை... குளிர்முறை..." என்று தொடங்கினேன். என் மனைவி சிரிக்க ஆரம்பித்தாள். அப்படி ஒரு சிரிப்பு! நாற்காலியில் சரிந்து, கண்ணில் தண்ணீர் வர, "மாமா கன்னத்துல... கன்னத்துல..." என்று சொல்ல முடியாமல் திணறினாள். அப்பாவும் சிரித்தார். அச்சு ஆடி, மாவு அவர் சட்டையில் சிந்தியது. மச்சான் எதற்கென்று தெரியாமலே சிரித்தான். இத்தனைக்கும் அவள் கை தொடைக்கு அடியிலேயே இருந்தது.

"நடுக்குமிழைப் பாருங்க" என்றாள் மூச்சு வாங்கிக்கொண்டே. "எந்தப் படத்துல நிக்குது?"

குனிந்து பார்த்தேன். பல்பு படம். "அது உள்ளே பாக்கிறதுக்கு லைட்டு மட்டுந்தாங்க. அடுப்பு அதுக்கு அடுத்த படம்" என்றாள்.

திருப்பினேன். ஓவன் முதன்முறையாக உறுமியது.

சுருக்கமாகச் சொன்னால், கேக் வந்தது. நடுவில் வெடித்து, ஒரு ஓரம் கருகி, வந்தேவிட்டது. காலையில் ஏறிய பஸ்ஸில் அவள் மறுபடி ஏறி ஆஸ்பத்திரிக்குப் போய் வந்திருக்கலாம், அவ்வளவு நேரம். பட்டு மாதிரி வழிந்த பூச்சு கிண்ணத்திலேயே கல்லாகியிருந்தது. அதைச் சுத்தியலால் உடைத்து, ஓடு வேய்வது மாதிரி கேக்கின் மேல் அடுக்கினோம். அவள் கூடத்தில் காலை நீட்டி உட்கார்ந்து சாப்பிட்டாள். நறுக்கென்று ஏதோ கடிபட்டது. முட்டை ஓடா, பூச்சா என்று அவள் ஆராயவில்லை. இன்னொரு துண்டு கேட்டு வாங்கிச் சாப்பிட்டாள்.

பாராட்டைப் பெற்றுக்கொள்ளும் நேரம் வந்துவிட்டதாக எனக்குப் பட்டது. "மொத்தத்துல எங்க முயற்சியைப் பத்தி என்ன நினைக்கிற?" என்றேன்.

அவள் விரலில் ஒட்டிய தூளை நிதானமாகத் தட்டினாள். இப்போது சிரிக்கவில்லை.

"கேக் நல்லா இருக்குங்க. ஆனா ஒண்ணு இன்னிக்குத்தான் புரிஞ்சுது. கல்யாணம் ஆன நாள்லேருந்து இந்த வீட்ல நீங்க பல்பை மட்டும் எரியவிட்டுட்டு, முன்னால சேர் போட்டு உக்காந்து, நல்லா வருது நல்லா வருதுன்னு சொல்லிட்டிருக்கீங்க. தினம் வெந்து தட்டுக்கு வருதே, சூடு எங்கேருந்து வருதுன்னு ஒரு நாளாவது கேட்டிருக்கீங்களா?"

மச்சான் கூரையைப் பார்த்தான். அப்பா சட்டையில் காய்ந்த மாவைச் சுரண்டினார். சமையலறையில் வாணலி, கிண்ணம், அச்சு, கரண்டி என்று வீட்டிலிருந்த அத்தனை பாத்திரங்களும் குவிந்து கிடந்தன. அவள் அவற்றை ஒரு பார்வை பார்த்துவிட்டு, கைகளை மறுபடி தொடைக்கு அடியில் வைத்துக்கொண்டாள்.

எனக்குச் சுருக்கென்றது. நானும் மனுஷன்தானே? நிமிர்ந்து எழுந்தேன். யாரும் சொல்லாமல், நானாகவே சமையலறைக்குள் போனேன். பாத்திரங்களுக்கு நேர் மேலே இருந்த லைட்டைப் போட்டேன். போட்டுவிட்டு வந்து உட்கார்ந்து, "ஆரம்பிச்சாச்சு" என்றேன்.