கல்லு மூஞ்சியின் கல்யாணம்

தான் சிரிக்காமல் ஊரைச் சிரிக்க வைப்பவனைப் பெரிய நடிகன் என்பார்கள். என் விஷயத்தில் அது கலை இல்லை, பயம். பயந்தால் சிலருக்கு நாக்குக் குழறும், சிலருக்குக் கண் கலங்கும். எனக்கு முகம் அப்படியே உறைந்துவிடும்.

சுதந்திரம் வந்த புதிதில், தங்கச்சிமடத்து மாதா கோயில் திருவிழா நாடகத்தில் எனக்குக் காவலன் வேஷம். "எதிரி வாசலுக்கு வந்துவிட்டான்!" என்று ராஜா அலற, நான் வாளை உருவிக்கொண்டு பாய வேண்டும். கூட்டத்தைப் பார்த்ததும் எல்லாம் மறந்துபோனது. முகத்தில் ஒரு அசைவும் இல்லாமல், "வந்தா உக்காரச் சொல்லுங்க மகாராசா" என்றேன். சனம் விழுந்து விழுந்து சிரித்தது. அன்றிலிருந்து நான் 'கல்லு மூஞ்சி' அந்தோணி. சுற்றுப்பட்டுத் திருவிழாக்களுக்கெல்லாம் கூப்பிட்டார்கள். நானும் ஏதோ புதுப் பாணியைக் கண்டுபிடித்தவன் மாதிரி மிதப்பில் திரிந்தேன். (வயசு அப்படி!)

பாம்பனில் பெண் அமைந்தது. பெயர் ஞானம். அவளுடைய அய்யா மீன்பிடி வத்தைப் படகு வைத்திருந்தவர், கோபக்காரர்.

"மாப்பிள்ள, கோயில்ல வச்சுக் கோமாளித்தனம் பண்ணுனீகன்னா, பிள்ளையக் கையோட கூட்டிட்டுப் போயிருவேன்" என்று முதல்நாளே சொல்லிவிட்டார்.

கல்யாணத்தன்று கோயில் நிறைந்த கூட்டம். பாதிப் பேர் என் நாடகம் பார்த்தவர்கள். சாமியார், "இந்தப் பெண்ணை மனைவியாக ஏற்றுக்கொள்ளச் சம்மதமா?" என்று கேட்டார். முகம் உறைந்தது.

"சம்மதம்" என்றேன்.

பின்னாலிருந்து ஒருவன் களுக்கென்றான். அது வரிசை வரிசையாகப் பரவியது. சாமியார் முறைத்துவிட்டு மறுபடி கேட்டார். மறுபடி சொன்னேன். பெண்கள் பக்கமும் சிரிப்பு. சாமியார் புத்தகத்தை மூடினார்.

"அந்தோணி, இது நாடக மேடை இல்லை. மனதில் உள்ளதைச் சொல்."

"உள்ளதத்தான் சொல்றேன் சாமி."

கோயிலே அதிர்ந்தது. என் வாழ்க்கையில் வாங்கிய பெரிய சிரிப்பு அதுதான். அழுதுவிடலாம் போலிருந்தது, ஆனால் அழவும் அந்த முகம் இடம் கொடுக்கவில்லை.

மாமனார் எழுந்து வந்து மகள் கையைப் பிடித்தார். "வா தாயி, போவோம். சம்மதத்தக்கூட வெளையாட்டாச் சொல்றவன் நமக்கு வேணாம்."

ஞானம் நகரவில்லை. மணப்பெண் தலை நிமிரக் கூடாது என்பதால் அதுவரை தரையையே பார்த்துக்கொண்டிருந்தவள், அப்போதும் நிமிராமலே பேசினாள். அவள் குரலை அன்றுதான் முதலில் கேட்கிறேன்.

"மூஞ்சியப் பாக்காதீக சாமி. காலப் பாருங்க. நானும் வந்ததுலருந்து பாக்குறேன், வேட்டிக்கரை கெடந்து ஆடுது. வெளையாடுறவுகளுக்குக் காலு இப்படி நடுங்குமா?"

சாமியார் குனிந்து பார்த்தார். மாமனாரும் பார்த்தார். பிடித்த கையை விட்டுவிட்டுத் தன் இடத்துக்குப் போனார். யாரும் சிரிக்கவில்லை. சாமியார் புத்தகத்தைத் திறந்து மூன்றாம் முறை கேட்டார். இந்த முறை "சம்மதம்" என்றபோது எனக்குக் குரல் உடைந்துவிட்டது. இத்தனை வருஷமாக ஊரே என் முகத்தைப் பார்த்துச் சிரித்திருக்கிறது. நான் பயந்து நிற்கிறேன் என்று கண்டுபிடித்தவள் அவள் ஒருத்திதான்.

இன்றைக்கும் சொந்தத்தில் எந்தக் கல்யாணம் நடந்தாலும் ஞானத்தைச் சுற்றி ஒரு கூட்டம் உட்கார்ந்துவிடும். "எங்க வீட்டுக்காரரு வாயாலயா சம்மதம் சொன்னாக? ரெண்டு காலாலயும்ல சொன்னாக!" என்பாள். அதைச் சொல்லும்போது அவள் முகத்தில் ஒரு சிறு அசைவுகூட இருக்காது. பக்கத்தில் உட்கார்ந்து முதலில் சிரிப்பது நான்தான்.