சுபம் மாமா பிடுங்கச் சொன்ன கேபிள்

திருவண்ணாமலை மாவட்டத்திலேயே சினிமாக் காதலர்களுக்கு அதிகம் கல்யாணம் செய்துவைத்தவர் எங்கள் அடி அண்ணாமலை ஆட்டோக்காரர் சுபம் மாமாதான். ஒரு ஜோடியைக்கூட அவர் சாகவிட்டதில்லை.

டவுனுக்குப் படம் பார்க்கப் போகிற சவாரியிடம், கேட்காமலே முடிவைச் சொல்லிவிடுவார். எந்தப் படமானாலும் கல்யாணம்தான். ஒருமுறை வேங்கிக்கால் ஊர் அம்மா ஒருவர் அழுது கண் வீங்கித் தியேட்டரிலிருந்து வெளியே வந்தார்.

"கல்யாணம்னு சொன்னீங்களே? ரெண்டு பேரும் செத்துட்டாங்க."

"நீங்க அவசரப்பட்டு எழுந்து வந்துட்டீங்கம்மா. அதுக்கப்புறந்தான் கல்யாணம்."

பழைய படங்களின் கடைசியில் விழுகிற 'சுபம்' அப்படித்தான் அவருக்குப் பெயரானது.

நான் எங்கள் ஊர் கேபிள் ஆபீசில் வேலை பார்க்கிறேன். பத்தாவதோடு பள்ளிக்கூடம் என்னிடமிருந்து தப்பித்துக்கொண்டது. மாமாவிடம் எதையாவது புளுகி அவரை ஓட்டாவிட்டால் எனக்குச் சோறு இறங்காது. ஒரு சனிக்கிழமை அவரே ஆபீசுக்கு வந்தார்.

"மாப்ள, நாளைக்கு மத்தியானம் எங்க வீட்டு கேபிள நீ புடுங்கணும்."

"ஏன் மாமா, அத்தை சீரியல் பாத்துக்கினு சோறு போடலையா?"

அவர் சிரிக்கவில்லை. உட்கார்ந்து சொன்னார்.

கல்யாணமான புதிதில் அவரும் அத்தையும் ஒரு காதல் படத்தை மூன்று முறை பார்த்தார்கள். மூன்று முறையும் கடைசி பஸ்ஸுக்காக முடிவுக்கு முன்பே எழுந்து ஓடிவந்தார்கள். பிறகு மாமா மட்டும் தனியாகப் போய் முடிவைப் பார்த்தார். பரிசல் கவிழ்ந்து கதாநாயகி ஆற்றோடு போகிறாள். வீட்டுக்கு வந்தவர், கல்யாணம் ஆகிவிட்டது என்று அத்தையிடம் சொல்லிவிட்டார்.

அத்தோடு விட்டாரா? பிள்ளையில்லாத வீடு அது. தீபாவளிக்குத் தீபாவளி அந்த ஜோடியைப் பற்றி ஒரு சேதி கொண்டுபோனார். பெண் பிறந்தது, அது பள்ளிக்கூடம் போனது, போன வருஷம் அதற்கு மாப்பிள்ளை பார்த்தது வரைக்கும்.

இப்போது அதே கதையை ஒரு சேனல் புதிதாக டிவி படமாக எடுத்திருந்தது. ஞாயிறு மத்தியானம் போடுகிறார்கள். அத்தையோ ஆறு மாதமாகப் படுக்கையில். வீட்டிலேயே வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று டாக்டர் சொல்லிவிட்டார்.

"டிவிய ஆஃப் பண்ணிடுங்க மாமா."

"ரிமோட்டு அவ தலையணைக்கடியில கீது. அந்தப் பொண்ணு அப்பவே செத்துட்டான்னு தெரிஞ்சா இவ தாங்க மாட்டா மாப்ள. பரிசல்ல கால வெச்சதும் புடுங்கிடு."

ஞாயிற்றுக்கிழமை அவர் வீட்டெதிர் கம்பத்தில் ஏறி உட்கார்ந்தேன். எதிர்வீட்டு ஜன்னலில் அதே படம் ஓடியது. கதாநாயகி பரிசலில் காலை வைத்தாள். மாமா வீட்டு ஒயரை மட்டும் உருவினேன்.

எதிர்வீட்டில் பரிசல் கவிழ்ந்தது. ஆனால் புதுக் கதாநாயகன் ஆற்றில் குதித்து, அவளைக் கரைக்குத் தூக்கி வந்துவிட்டான். முடிவையே மாற்றிவிட்டார்கள். பதறிப்போய் ஒயரைத் திரும்பச் சொருகப் பார்த்தேன். அதன் முனை கழன்று கீழே சாக்கடையில் விழுந்தது. நான் இறங்கித் துழாவி எடுப்பதற்குள் எதிர்வீட்டில் கல்யாண மேளமும் முடிந்து சோப்பு விளம்பரம் வந்துவிட்டது.

சேறு வழிகிற கையோடு உள்ளே ஓடினேன்.

"அத்தை, கல்யாணம் ஆயிடுச்சு. நானே பாத்தேன்."

அத்தை ரிமோட்டை அழுத்துவதை விட்டுவிட்டுக் கேட்டார். "கரை சேந்துட்டாளா?"

"சேந்துட்டா அத்தை."

"அது போதும்."

வாசலில் மாமா என் சேற்றுக் கையைப் பிடித்துக்கொண்டார். "என்னையே மிஞ்சிட்ட மாப்ள. என்னா பொய்யி."

"சத்தியமா மாமா, நெசமாவே..."

"போதும்டா. அவ நம்பிட்டா."

வாழ்க்கையில் நான் சொன்ன ஒரே உண்மை அது. அதையும் அவர் நம்பவில்லை.

மூன்றாம் நாள் அத்தை போய்விட்டார்.

அதன்பிறகு மாமா எந்தச் சவாரிக்கும் முடிவு சொல்வதில்லை. "போய்ப் பாத்துக்கோங்க" என்பதோடு சரி. அந்தப் படத்தைப் போனில் காட்டட்டுமா என்று கேட்டேன்.

"அவ பாக்காதத நான் மட்டும் எதுக்குடா பாக்கணும்? ஒரு தபா பாத்ததே போதும்."

இந்தத் தீபாவளிக்கு அதிரசம் எடுத்துக்கொண்டு போனேன். ஆட்டோவைத் துடைத்துக்கொண்டிருந்தார். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"மாமா, ஒரு சேதி. கரை சேந்த அந்தப் பொண்ணு வீட்ல பேத்தி பொறந்துகீது."

துணி நின்றது. மாமா திரும்பினார்.

"யாரு ஜாடை?"

"அத்தை ஜாடை மாமா."