குரலக்காவின் சொந்தக் குரல்

உலகில் உண்மையைப் படம்பிடித்தவர்கள் பலர். உண்மைக்கு ஒத்திகை வைத்துப் படம்பிடித்தவர் எங்கள் இயக்குநர் ஒருவரே. அவருடைய ஆவணப்படங்களுக்கு ஒலிப்பதிவு செய்யும் பாக்கியம் எனக்கு வாய்த்திருக்கிறது.

‘அடையாளமும் புகழும்’ பற்றிப் படமெடுக்கத் தீர்மானித்த அவர், குரலக்காவைத் தேர்ந்தெடுத்தார். ஊரே கொண்டாடும் ஒரு நடிகைக்குப் பல வருடங்களாக டப்பிங் பேசுபவர் அக்கா. திரையில் நடிகை அழுவார். தொண்டை கட்டுவது அக்காவுக்கு. எந்தப் படத்திலும் அக்காவின் பெயர் வந்ததில்லை.

“உங்க குரலை உங்களுக்கே திருப்பித் தரப்போறேன்” என்றார் இயக்குநர்.

அக்காவின் கணவர் தெரு முழுக்கச் சொல்லிவிட்டார். சமையலறையில் கேமரா வைத்தோம். அக்கா, வெங்காயம் நறுக்கியபடியே தன் கதையைச் சொன்னார். எனக்குக் கண் கலங்கியது. வெங்காயமாகவும் இருக்கலாம்.

“கட்! என்னம்மா, அப்படியே அந்த நடிகை மாதிரி பேசறீங்க?”

“அது என் குரல்தானே சார்?”

“எனக்குத் தெரியும். பாக்கறவங்களுக்குத் தெரியுமா? மிமிக்ரின்னு நினைச்சிடுவாங்க. கொஞ்சம் உங்க சொந்தக் குரல்ல பேசுங்க.”

அக்கா முயன்றார். இருமல்தான் வந்தது.

ஆலோசனைக் கூட்டம் கூடியது. ‘நம்பகத்தன்மை’ கருதி, யாருமே கேட்டிராத ஒரு குரலை அக்காவின் முகத்துக்குப் பொருத்துவதென ஏகமனதாக முடிவாயிற்று. யாருமே கேட்டிராத குரல் யாரிடம் இருக்கிறது? நடிகையிடம்தான்!

தகர டப்பாவில் கூழாங்கல்லை உருட்டியது போலிருந்தது அந்தக் குரல். “என்ன ஒரு வலி!” என்று உருகிப்போனார் இயக்குநர். படத்தின் முதல் திரையிடலில் அக்காவின் கணவர், “இது யாருடி பேசறது?” என்று கேட்டார்.

சிறந்த குரலுக்கான விருது நடிகைக்குக் கிடைத்தது. மேடையில் அவர் நன்றி சொல்ல வாயைத் திறந்ததும், மைக் கெட்டுவிட்டதென்று, விழாவுக்கும் ஒலி பார்த்த என்னை அரங்கமே திட்டியது. தொலைக்காட்சியில் போடுவதற்குள் அந்த உரையை டப்பிங் செய்துவிட வேண்டும். வேறு யாரைக் கூப்பிடுவது?

அக்கா வந்தார். இயக்குநர் வெளியே உண்மையைப் பற்றிப் பேட்டி கொடுத்துக்கொண்டிருந்தார். எழுதிக் கொடுத்ததை ஓரமாக வைத்துவிட்டு, நடிகையின் உதட்டைப் பார்த்து அக்கா பேசினார்:

“இந்தப் படத்துல ஒரு பொம்பளை வாய் தெறந்து தன் கதையைச் சொன்னா. அவ குரலை வெட்டிப் போட்டுட்டு என் குரலை ஒட்டினாங்க. அதுக்குத்தான் எனக்கு இந்த விருது. வாங்கிக்கக் கை கூசுது.”

உதட்டசைவு அச்சாகப் பொருந்தியது.

“ஓகேவா தம்பி?”

ஒலிப்பதிவாளன் ஒலியைத்தான் கவனிக்க வேண்டும். ஒலி சுத்தமாக இருந்தது.

“ஓகேக்கா” என்றேன்.

ஒளிபரப்பானது. ஊரே அதிர்ந்தது. மறுநாள் எல்லாப் பத்திரிகைகளிலும் நடிகையின் படம்: ‘என்ன துணிச்சல்! என்ன நேர்மை!’

“சொன்னது நீ, பேரு அவங்களுக்கா?” என்று கொதித்தார் கணவர்.

“நான் என் மூஞ்சிய வெச்சுக்கிட்டுச் சொன்னப்ப யாருங்க கேட்டாங்க?” என்றார் அக்கா.

எங்கள் இயக்குநர் அசரவில்லை. அடுத்த படத்தை அறிவித்துவிட்டார். குரல் பறிக்கப்பட்ட அந்த ‘அபலைப் பெண்’ யாரென்று தேடிப் போகும் படம். ஆள் கிடைத்ததும் அவருக்குக் குரல் கொடுக்க, நடிகை பெருந்தன்மையோடு சம்மதித்திருக்கிறார்.